தொடை எலும்பு முறிவு கோடிங்: கிளைம் திரும்பி வந்தால் எங்கே பார்ப்பது

தொடை எலும்பு முறிவுக்கான எஸ்72 குறியீட்டு வரிசையில் புதுத் தவறு என்று எதையும் நான் பார்த்து வெகுநாளாகிறது. ஆடிட்டுக்கு வந்த நாளிலிருந்து திருத்துவது அதே ஏழெட்டைத்தான். குறியீடு தெரியாமல் யாரும் தவறு செய்வதில்லை. எலும்பு ஏன் முறிந்தது, இன்றைக்கு நோயாளி எதற்காக வந்திருக்கிறார் என்ற இரண்டையும் பார்க்காமல், எக்ஸ்ரே ரிப்போர்ட்டில் இருக்கும் இடப்பெயரை எடுத்துக்கொண்டு இன்டெக்ஸுக்கு (குறியீடுகளின் அகரவரிசைப் பட்டியல்) ஓடுவதால்தான் பாதிச் சிக்கல் வருகிறது.

இது அமெரிக்க இன்சூரன்ஸ் கிளைம்களுக்கான நோய்க் குறியீட்டுத் தொகுப்பான ஐசிடி-10-சிஎம் பற்றியது. உங்கள் சிக்கல் எதுவோ அந்தத் தலைப்புக்கு நேராகப் போய்விடலாம். ஒவ்வொன்றிலும் இரண்டு நிமிடத்தில் சரியாவதை முதலிலும், டாக்டருக்கு குவெரி (எழுத்து மூலம் விளக்கம் கேட்பது) போட வேண்டியதைக் கடைசியிலும் வைத்திருக்கிறேன்.

ஒரு சின்ன எச்சரிக்கை. ஆங்கில எழுத்துகளைத் தமிழில் எழுதினால் இரண்டு ‘பி’ வந்துவிடும். இங்கே ‘பி’ என்றால் ஏ-வுக்கு அடுத்த எழுத்து மட்டும்தான். பதினாறாவது எழுத்து வரும் இடத்தில் ‘பதினாறாவது எழுத்து’ என்றே எழுதுகிறேன். போனில் குறியீடு வாசிக்கும்போதும் இதே வம்பு உண்டு. கோணலாகக் கூடிய முறிவு என்று ஒருவர் சொல்ல, திறந்த முறிவு என்று இன்னொருவர் பதிந்து வைத்ததை நானே திருத்தியிருக்கிறேன்.

அறிகுறி 1: குறியீடு செல்லாது என்று மென்பொருள் தள்ளிவிடுகிறது

முதலில் எழுத்துகளை எண்ணுங்கள். எஸ்72-இல் எதுவானாலும் ஏழு இடம் நிரம்பியிருக்க வேண்டும். எஸ்72.141 என்று ஆறோடு நின்றிருந்தால் கடைசி எழுத்து விட்டுப்போயிருக்கிறது.

ஏழாவது எழுத்து இருந்தும் தள்ளுகிறதா? இடையில் எக்ஸ் வேண்டிய குறியீடாக இருக்கலாம். ட்ரோகான்டருக்குக் (தொடை எலும்பின் மேல்முனைப் புடைப்பு) கீழே வரும் முறிவும், இடம் சொல்லப்படாத முறிவும் ஐந்து இடத்திலேயே முடிந்துவிடுகின்றன. ஆறாவது இடத்தை எக்ஸ் நிரப்ப வேண்டும்: எஸ்72.21எக்ஸ்ஏ, எஸ்72.91எக்ஸ்ஏ. ‘பிற முறிவு’ மட்டும் வேறு மாதிரி. அங்கே எக்ஸ் ஐந்தாவது இடத்துக்கே வந்துவிடும்: எஸ்72.8எக்ஸ்1ஏ. எக்ஸ் எப்போதும் கடைசிக்கு முன்னால்தான் வரும் என்று மனப்பாடம் செய்தவர்கள் இங்கே சறுக்குவார்கள்.

எண்ணிக்கை சரி, எக்ஸும் சரி என்றால், அந்த ஏழாவது எழுத்து அந்த இடத்துக்குப் பொருந்துமா என்று பாருங்கள். டோரஸ் முறிவு (எலும்பு முழுதாக ஒடியாமல் புடைப்பது, எஸ்72.47-), வளர்ச்சித் தட்டு முறிவு (எஸ்79.0-, எஸ்79.1-), எம்80 (எலும்புப்புரையால் வரும் முறிவு), எம்84 (மற்ற நோய், அழுத்தம் போன்றவற்றால் வரும் முறிவு) ஆகியவற்றுக்குத் திறந்த முறிவுக்கான எழுத்துகளே கிடையாது. ஏ, டி, ஜி, கே, பதினாறாவது எழுத்து, எஸ் என்ற ஆறுதான் (பொருள் அறிகுறி 3-இல்). செயற்கை மூட்டைச் சுற்றி வரும் முறிவான எம்97-க்கு இன்னும் சுருக்கம்: ஏ, டி, எஸ்.

அதற்கும் பிறகு தேதி. குறியீட்டுப் பட்டியல் ஒவ்வோர் ஆண்டும் அக்டோபர் 1-இல் மாறுகிறது. ஏப்ரல் 1-இலும் திருத்தம் வரலாம். உள்நோயாளிக்கு டிஸ்சார்ஜ் தேதிதான் கணக்கு, அட்மிஷன் தேதி இல்லை.

இவ்வளவும் சரியாக இருந்தும் தள்ளினால் கோளாறு உங்களிடம் இல்லை. ஸ்கிரீன்ஷாட்டோடு பில்லிங் மென்பொருள் குழுவுக்கு அனுப்பிவிட்டு அடுத்த சார்ட்டை எடுங்கள்.

அறிகுறி 2: ‘குறிப்பிடப்படாதது’ என்று ஆடிட்டில் அடிக்கிறார்கள்

*எந்தப் பக்கம் என்று இல்லை.* பக்கம் சொல்லாத குறியீட்டைப் போடுவதற்கு முன் சார்ட் முழுவதையும் ஒருமுறை புரட்டுங்கள். டாக்டர் எழுதாவிட்டாலும் நர்ஸ் குறிப்பிலோ தெரபிஸ்ட் குறிப்பிலோ வலது, இடது இருந்தால் அதை எடுத்துக்கொள்ள அதிகாரப்பூர்வ கோடிங் கைடுலைனே அனுமதிக்கிறது. ஆனால் ஒரு குறிப்பில் வலது, இன்னொன்றில் இடது என்று இருந்தால் நீங்கள் நடுவர் ஆகக் கூடாது. அது குவெரி.

*எந்த இடம் என்று இல்லை.* டாக்டர் ‘ஹிப் முறிவு’ என்று மட்டும் எழுதினால் அது எஸ்72.00- பக்கம் போகும். ‘தொடை முறிவு’ என்று எழுதினால் எஸ்72.9-. இரண்டும் ஒன்றுதானே என்று மாற்றிப் போடுகிறவர்கள் உண்டு. எஸ்72.9-இன் கீழே இருக்கும் எக்ஸ்க்ளூட்ஸ்1 (இங்கே சேராதது எது என்று சொல்லும்) குறிப்பு அதைத் தடுக்கிறது. டாக்டர் ஹிப் முறிவு என்று நோயை உறுதி செய்திருக்க, எக்ஸ்ரே ரிப்போர்ட் வலது இன்டர்ட்ரோகான்டெரிக் (இரண்டு ட்ரோகான்டருக்கு இடையே) என்று இடத்தைத் துல்லியமாகச் சொன்னால், அந்தத் துல்லியத்தை எடுத்துக்கொண்டு எஸ்72.141ஏ போடலாம். டாக்டர் முறிவு என்றே எழுதாதபோது உள்நோயாளி சார்ட்டில் எக்ஸ்ரேயை மட்டும் வைத்துக்கொண்டு முறிவு போட முடியாது.

*விலகியதா, விலகாததா என்று இல்லை.* சொல்லவில்லை என்றால் விலகியது. திறந்ததா மூடியதா என்று சொல்லவில்லை என்றால் மூடியது. எஸ்72-இன் தலையிலேயே இது எழுதியிருக்கிறது. ஆனாலும் ‘விலகல் பற்றி எதுவும் இல்லையே, அப்போ விலகவில்லை’ என்று போடுகிற கை இருந்துகொண்டே இருக்கிறது. கழுத்து முறிவில் கார்டன் வகை (விலகலின் அளவைக் காட்டும் 1 முதல் 4 வரையான எண்) மட்டும் எழுதியிருந்தால் 3, 4-க்குக் கவலை இல்லை. அவை விலகியவை, இயல்பாக வரும் குறியீடும் அதுதான். 1 அல்லது 2 என்று மட்டும் இருந்தால் விலகாதது என்று நீங்களே மொழிபெயர்க்காமல் கேட்டுவிடுங்கள்.

*நொறுங்கியது என்று இருக்கிறது.* இதற்கு நேரெதிரான ஒரு தவறு இது. ‘நொறுங்கிய இன்டர்ட்ரோகான்டெரிக் முறிவு’ என்று பார்த்ததும் ‘நொறுங்கிய’ என்ற சொல்லைப் பிடித்துக்கொண்டு எஸ்72.35-க்குப் போய்விடுவார்கள். குறுக்கு, சாய்வு, சுருள், நொறுங்கியது, துண்டானது என்ற பிரிவெல்லாம் எலும்பின் தண்டுப் பகுதியான எஸ்72.3-க்குள் மட்டும்தான். இடம் முதலில், வடிவம் அப்புறம். இந்த முறிவு எஸ்72.14-இலேயே இருக்கட்டும்.

*முறிவு உறுதியே ஆகவில்லை.* வெளிநோயாளிப் பிரிவில் ‘இருக்கலாம்’, ‘சந்தேகம்’ என்றால் முறிவு போடக் கூடாது. வலது இடுப்பு மூட்டு வலி என்று எம்25.551 போட்டு நிறுத்திக்கொள்ளுங்கள். உள்நோயாளி டிஸ்சார்ஜ் குறிப்பில் அதே ‘இருக்கலாம்’ இருந்தால் முறிவு இருப்பதாகவே எடுத்துக்கொண்டு போடலாம்.

*குழந்தையின் சார்ட்.* சால்டர்-ஹாரிஸ் (வளர்ச்சித் தட்டு முறிவின் வகைப்பாடு) என்ற சொல் எங்காவது கண்ணில் பட்டால் எஸ்72-ஐ மூடிவிட்டு எஸ்79-க்குப் போங்கள். மேல் முனை எஸ்79.0-, கீழ் முனை எஸ்79.1-.

அறிகுறி 3: ஏழாவது எழுத்து தவறு என்று திரும்புகிறது

என் மேசைக்கு அதிகமாக வருவது இதுதான். ஏ என்றால் முதல் வருகை, டி என்றால் அடுத்த வருகை என்று பெயரை அப்படியே நம்பியதால் வந்த வினை. எத்தனையாவது வருகை என்பதற்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை. முறிவுக்கு இப்போதும் நேரடிச் சிகிச்சை நடக்கிறதா, அல்லது ஆறுவதைக் கண்காணிக்கும் கட்டமா? அவ்வளவுதான் கேள்வி.

இதை ஒரே நோயாளியை வைத்துப் பார்த்தால் விளங்கும். விழுந்த அன்று அவசரப் பிரிவு: ஏ. அங்கிருந்து வேறு மருத்துவமனைக்கு மாற்றி, மூன்றாம் நாள் அறுவை: அங்கேயும் ஏ. டாக்டர் வேறு, கட்டடம் வேறு என்பதெல்லாம் கணக்கில் இல்லை. இரண்டு வாரம் கழித்துத் தையல் பிரித்து எக்ஸ்ரேயில் கூடுகிறதா என்று பார்க்கிறார்கள்: டி. மறுவாழ்வு மையத்தில் நடைப்பயிற்சி: டி. ஆறு மாதம் கழித்தும் எலும்பு கூடவில்லை, மறுபடி அறுவை என்றால் அது ஏ-வும் இல்லை, டி-யும் இல்லை: கே.

டி போடும் இடத்தில் இன்னொரு படி இருக்கிறது. முதலில் முறிவு மூடியதா திறந்ததா என்று பார்க்க வேண்டும். இப்போது தோல் ஆறி மூடியிருந்தாலும், முறிந்த அன்று திறந்திருந்தால் அது கடைசிவரை திறந்த முறிவுதான். பிறகு ஆறும் விதம்:

மூடியது: இயல்பாக ஆறினால் டி, தாமதமானால் ஜி, கூடவில்லை என்றால் கே, கோணலாகக் கூடினால் பதினாறாவது எழுத்து.
திறந்தது, கஸ்டிலோ (திறந்த முறிவின் கடுமையைக் காட்டும் வகை) 1 அல்லது 2: அதே வரிசையில் இ, எச், எம், பதினேழாவது எழுத்தான க்யூ.
திறந்தது, கஸ்டிலோ 3: எஃப், ஜே, என், ஆர்.

தாமதம், கூடாமை, கோணல் என்ற மூன்றையும் டாக்டர் அந்தச் சொல்லாலேயே எழுதியிருக்க வேண்டும். ‘எலும்பு இன்னும் முழுதாகக் கூடவில்லை’ என்று ஆறாவது வாரத்தில் எழுதியிருந்தால் அது வெறும் நிலவரம். அதைக் கூடாமை என்று நினைத்து கே போட்டால் ஒரு சாதாரண நோயாளியைச் சிக்கல் நோயாளி ஆக்கிவிட்டோம்.

ஒரு விதிவிலக்கு பலருக்கும் தெரிவதில்லை. நோயாளி எலும்பு முறிந்தபோது சிகிச்சைக்கே வராமல், எலும்பு கூடாத நிலையில்தான் முதன்முதலாக வருகிறார் என்றால், முதல் சிகிச்சைக்கான எழுத்தே போட வேண்டும். தாமதமாக வந்தவருக்கும் கைடுலைன் அதைத்தான் சொல்கிறது.

இன்னும் சரியாகவில்லையா? இந்த மூன்றையும் பாருங்கள்.

பின்கவனிப்புக்கு இசட் குறியீடு போட்டிருக்கிறீர்களா? காயத்தால் வந்த முறிவுக்கு அது கூடாது. முறிவுக் குறியீட்டையே டி-யோடு போட வேண்டும். கழுத்து முறிவுக்குச் செயற்கை மூட்டு வைத்து மறுவாழ்வு மையத்துக்கு வந்தவருக்கு இசட்47.1 போடுவது ரொம்ப வழக்கமான தவறு. அங்கே எஸ்72.001டி போல முறிவு முதலில், செயற்கை மூட்டு இருக்கிறது என்பதற்கு இசட்96.641 கூடவே.

ஸீக்வெலாவில் (காயம் ஆறிய பிறகு மிஞ்சும் விளைவு) எஸ் எழுத்தை மட்டும் தனியாக விட்டுவிட்டீர்களா? முறிவின் விளைவாக இன்று இருக்கும் நோய் முதலில் வரும். ஒரு கால் குட்டையாகியிருந்தால் அதுதான் முதல். எஸ் எழுத்தோடு முறிவுக் குறியீடு அதற்கு அடுத்தது.

வைத்த ஆணியில் தொற்று, திருகு விலகல் போன்றவற்றுக்கு வந்திருக்கிறாரா? அப்போது சிக்கலுக்கான குறியீடுதான் பேச வேண்டும். அந்தச் சிக்கலுக்கு இப்போது சிகிச்சை நடக்கிறது என்றால் அதன் ஏழாவது எழுத்து ஏ. முறிவுக்கு டி கட்டமாக இருந்தாலும் இது ஏ-தான்.

அறிகுறி 4: வயதானவர், லேசாக விழுந்தார், எஸ்72 போட்டதை எம்80 ஆக மாற்றச் சொல்கிறார்கள்

பணமும் மாறும், நோயாளியின் மருத்துவ வரலாறும் மாறும். அதனால் இதில் அவசரப்படக் கூடாது.

கைடுலைன் சொல்வது தெளிவு. எலும்புப்புரை இருப்பது தெரிந்த நோயாளிக்கு முறிவு வந்து, ஆரோக்கியமான எலும்பாக இருந்தால் அந்த விழுதலில் முறிந்திருக்காது என்றால், காயக் குறியீடு போடக் கூடாது, எம்80 வரிசைதான். வலது தொடை எலும்பு, வயதினால் வந்த எலும்புப்புரை: எம்80.051ஏ. இடது: எம்80.052ஏ. எம்80-இல் கழுத்து, ட்ரோகான்டர், தண்டு என்ற பிரிவு கிடையாது, தொடை எலும்பு அவ்வளவே. ‘துல்லியம் போய்விடுகிறதே’ என்று இரண்டையும் சேர்த்துப் போடுபவர்களைப் பார்த்திருக்கிறேன். ஒரே முறிவுக்கு இரண்டு காரணம் சொன்னதாகிவிடும்.

சரிபார்க்க வேண்டிய வரிசை இப்படி:

நோய்ப் பட்டியலில், பழைய வரலாற்றில் எலும்புப்புரை என்று டாக்டர் எழுதியிருக்கிறாரா? அலெண்ட்ரோனேட் மருந்துப் பட்டியலில் இருப்பது மட்டும் போதாது. மருந்தைப் பார்த்து நோயைக் கண்டுபிடிப்பது நம் வேலை இல்லை.

விழுந்தது எப்படி? நின்ற உயரத்திலிருந்தா, கட்டிலிலிருந்தா, மாடிப்படியிலிருந்தா, கார் மோதியா? எலும்புப்புரை உள்ளவரே ஆனாலும் வேகமாக வந்த வண்டி மோதினால் எந்த எலும்பும் முறியும். அது எஸ்72.

‘ஃப்ரஜிலிட்டி முறிவு’ (லேசான அடியிலேயே முறிவது) என்று எழுதியிருக்கிறாரா? எலும்புப்புரையோடு சேர்ந்து அந்தச் சொல் இருந்தால் எம்80-இன் தலைப்பிலேயே அது அடங்கும்.

எலும்புப்புரை இருக்கிறது, விழுந்ததும் லேசாகத்தான், ஆனால் டாக்டர் இரண்டையும் இணைக்கவில்லை என்றால்? கைடுலைன் நம் பக்கம் இருக்கிறதே என்று சிலர் நேராக எம்80 போட்டுவிடுவார்கள். ‘லேசான விழுதல்’ எது என்று தீர்மானிப்பது மருத்துவ முடிவு என்பது என் கட்சி. குவெரி போட்டுவிட்டால் பிறகு யாரும் கேள்வி கேட்க முடியாது.

இதே வீட்டின் வேறு அறைகளும் உண்டு. புற்றுநோய் பரவி முறிந்தால் எம்84.55-. முறிவுக்குச் சிகிச்சை என்றால் அது முதலில், புற்றுநோய் அடுத்து. புற்றுநோய்க்குச் சிகிச்சை என்றால் வரிசை தலைகீழ். ஓட்டக்காரர்களுக்கும் படைப்பயிற்சியில் இருப்பவர்களுக்கும் வரும் அழுத்த முறிவு எம்84.35-. எலும்புப்புரை மருந்தான பிஸ்பாஸ்பனேட்டை நெடுங்காலம் எடுத்தவருக்கு வரும் ‘ஏடிபிக்கல்’ முறிவுக்கு எம்84.75- என்று 2016 அக்டோபரிலிருந்து தனி இடம் இருக்கிறது. ஆனால் ‘ஏடிபிக்கல்’ என்ற சொல் டாக்டரின் கையிலிருந்து வர வேண்டும். நெடுங்கால மருந்துக்கு இசட்79.83 கூடவே.

முறிவு ஆறிப் பல ஆண்டாகிவிட்டது, எலும்புப்புரைக்கு மட்டும் சிகிச்சை என்றால் எம்80 வேண்டாம். எம்81-உம், ஆறிய முறிவின் வரலாற்றுக்கு இசட்87.310-உம் போதும்.

அறிகுறி 5: செயற்கை மூட்டு இருக்கிறது, அதன் பக்கத்தில் முறிவு

மூன்று கேள்வி. உலோகம் உடைந்ததா, எலும்பு உடைந்ததா? உலோகமே உடைந்திருந்தால் முறிவு வரிசைக்கே வர வேண்டாம். காயங்கள் அத்தியாயத்தின் பிற்பகுதியில், எஸ்-க்கு அடுத்த ஆங்கில எழுத்தில் தொடங்கும் 84.01- வரிசை. மூட்டை வைக்கும்போதோ வைத்த விளைவாகவோ எலும்பு உடைந்தது என்று டாக்டர் எழுதியிருக்கிறாரா? எம்96.66-. வைத்து நாளான பிறகு மூட்டைச் சுற்றிய எலும்பு முறிந்ததா? வலது இடுப்பு மூட்டுக்கு எம்97.01எக்ஸ்ஏ, இடதுக்கு எம்97.02எக்ஸ்ஏ. முறிவு எப்படிப்பட்டது என்பதற்கு எஸ்72 அல்லது எம்80 குறியீடும் கூட வரும். இரண்டில் எது முதலில் என்பதில் குழப்பம் இருந்தால் எந்தச் சிகிச்சைக்காக அட்மிஷன் நடந்தது என்று பாருங்கள். அதிலும் தெளிவு இல்லை என்றால் மூத்த ஆடிட்டரிடம் போங்கள், தனியாக முடிவெடுக்க வேண்டாம்.

அறிகுறி 6: திறந்த முறிவு, பி-யா சி-யா

கஸ்டிலோ 1, 2 என்றால் பி. 3ஏ, 3பி, 3சி என்றால் சி. வகையே எழுதவில்லை, திறந்தது என்று மட்டும் இருந்தால் பி. காயத்தின் நீளத்தை அளந்து எழுதியிருப்பதைப் பார்த்து நீங்களே வகை போடாதீர்கள். அறுவை அறிக்கையைக் கடைசிப் பக்கம்வரை படியுங்கள். அவசரப் பிரிவில் 2 என்று எழுதியது காயத்தைக் கழுவித் திறந்து பார்த்த பிறகு 3ஏ ஆகியிருக்கும்.

அறிகுறி 7: அறுவைக் குறியீட்டோடு பொருந்தவில்லை, அல்லது டிஆர்ஜி (உள்நோயாளி கிளைமின் தொகையைத் தீர்மானிக்கும் தொகுதி எண்) விசித்திரமாக இருக்கிறது

அறுவைக் குறியீட்டுத் தொகுப்பான சிபிடி-யில் 27236 கழுத்து முறிவுக்கான திறந்த அறுவை. 27244, 27245 இரண்டும் ட்ரோகான்டர் பகுதிக்கு: முன்னது தகடு அல்லது திருகு, பின்னது எலும்புக்குள் செலுத்தும் ஆணி. 27506 தண்டுக்கு. நோய்க் குறியீடு எஸ்72.0-, அறுவை 27245 என்றால் இரண்டில் ஒன்று பொய் சொல்கிறது. பெரும்பாலும் பொய் சொல்வது நோய்க் குறியீடு. அவசரப் பிரிவின் ‘ஹிப் முறிவு’ என்ற வரியைப் பார்த்துப் போட்டுவிட்டு, அறுவை அறிக்கையைப் படித்ததும் திருத்த மறந்திருப்பார்கள்.

அறுவை இல்லாத அட்மிஷனில் இடுப்பு மூட்டு முறிவு டிஆர்ஜி 535, 536-க்கும், தண்டு முறிவு 533, 534-க்கும் போகும். நோய் சார்ந்த முறிவு என்றால் 542 முதல் 544. எதிர்பார்த்த இடத்துக்குப் பதில் 559 முதல் 561 என்ற பின்கவனிப்பு வரிசையில் விழுந்தால், வேறெதையும் பார்க்க வேண்டாம், ஏ போட வேண்டிய இடத்தில் டி போட்டிருக்கிறீர்கள்.

நோயாளி மருத்துவமனைக்குள்ளேயே விழுந்து முறிந்திருந்தால், ‘வரும்போதே இருந்தது’ என்ற பதிவு மாறும். அதில் யூகம் வேண்டாம். சந்தேகம் இருந்தால் நேராக குவெரி.

அறிகுறி 8: விபத்து விவரம் கேட்டு இன்சூரன்ஸ் கடிதம் போடுகிறது

வெளிக்காரணக் குறியீடு இல்லை, அல்லது டபிள்யூ19.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஏ என்று பொத்தாம்பொதுவாகப் போட்டிருக்கிறது. ஆம்புலன்ஸ் குறிப்பைப் பாருங்கள். கட்டிலிலிருந்தா, படியிலிருந்தா என்பது அங்கேதான் இருக்கும். இடம் (ஒய்92), செயல் (ஒய்93) இரண்டும் முதல் சிகிச்சையில் ஒருமுறை போதும்.

குவெரி எழுதும்போது

‘எலும்புப்புரையால் வந்த முறிவு என்று எழுத முடியுமா?’ என்று கேட்டால் அது கேள்வி இல்லை, பதில். சார்ட்டில் இருப்பதை முதலில் வையுங்கள்: நோய்ப் பட்டியலில் எலும்புப்புரை, நின்ற நிலையிலிருந்து விழுதல், வலது இன்டர்ட்ரோகான்டெரிக் முறிவு. பிறகு கேளுங்கள்: இந்த முறிவின் காரணத்தைத் தெளிவுபடுத்தவும். காயத்தால், எலும்புப்புரையால், வேறு காரணத்தால், தீர்மானிக்க இயலவில்லை. நான்கும் இருக்க வேண்டும். எதைத் தேர்ந்தெடுத்தால் பணம் எவ்வளவு மாறும் என்பதைப் பற்றி ஒரு சொல்லும் வரக் கூடாது.

பழைய கிளைம்களைப் புரட்டும்போது இதே தவறு பத்து இடத்தில் இருக்கிறது, பணமும் வந்துவிட்டது என்று தெரிந்தால் அதை நீங்களே ஒவ்வொன்றாகத் திருத்தி அனுப்ப ஆரம்பிக்காதீர்கள். பட்டியலை அன்றைக்கே கம்ப்ளையன்ஸ் குழுவிடம் கொடுங்கள். கூடுதலாக வந்த தொகையைக் கண்டறிந்த பிறகு அமெரிக்க அரசின் மருத்துவக் காப்பீடான மெடிகேருக்குத் தெரிவித்துத் திருப்பித் தர 60 நாள் கெடு இருக்கிறது. அந்தக் கணக்கை எந்த நாளிலிருந்து தொடங்குவது என்பதை அவர்கள்தான் முடிவு செய்ய வேண்டும்.